குவாகமோலே: எதைக் குறைப்பது, எதை விடுவது?

மழை இறங்கும் மாதங்களில் நீலகிரியின் எருமாட்டிலிருந்து தாளூர், சுள்ளியோடு வழியாக வயநாட்டின் அம்பலவயல் போகும் சாலையில் பட்டர் புரூட் என்கிற அவகேடோ மூட்டை மூட்டையாகக் கைமாறும். காப்பித் தோட்டங்களில் நிழலுக்கும் ஊடுபயிராகவும் வைத்த மரங்களின் காய்ப்பு இது. நெடுங்காலமாக எங்கள் பக்கத்தில் இந்தப் பழத்துக்கு இருந்த ஒரே பயன், பாலும் சர்க்கரையும் சேர்த்து அடித்துக் குடிப்பதுதான். தேயிலைக் கோட்டக் குடியிருப்புகளில் உள்ள, இலங்கையிலிருந்து தாயகம் திரும்பியோர் குடும்பங்களில் ஆனைக்கொய்யா என்று சொல்லி, இரண்டாகப் பிளந்து, கொட்டை இருந்த குழியில் சர்க்கரையைப் போட்டுக் கரண்டியால் வழித்துத் தின்பார்கள்.

உப்பும் காரமும் போட்டு இதைத் தின்னலாம் என்பது பெங்களூருக்கு வேலைக்குப் போன பிள்ளைகளோடு மலை ஏறி வந்த செய்தி. இப்போது சுற்றுலாப் பயணிகள் தங்கும் விடுதிகளின் உணவுப் பட்டியலில், இந்தப் பழத்தை மசித்துச் செய்யும் மெக்சிகோத் தொடுகறியான குவாகமோலே இருக்கிறது, வீட்டிலும் கேட்கிறார்கள். கேட்கும் பிள்ளை ஒரு பக்கம், கொழுப்புக்கு மாத்திரை சாப்பிடும் அண்ணன் ஒரு பக்கம், சர்க்கரை உள்ள அத்தை ஒரு பக்கம் என்றிருக்கிற வீட்டில் அடுத்த கேள்வி தானாக வரும். சுல்தான் பத்தேரியில் இருக்கும் என் அண்ணி கேட்டதும் அதுதான். "பழமே வெண்ணெயாக இருக்கிறதே தம்பி, எல்லாரும் சாப்பிடுகிற மாதிரி இதை இலேசாகச் செய்ய வழி கிடையாதா?"

இணையத்தில் தேடினால் ஒன்றுக்குப் பத்து வழி கிடைக்கிறது. பாதிப் பழத்தை எடுத்துவிட்டுப் பட்டாணி போடு, தயிர் போடு, கொண்டைக்கடலை போடு, புரோக்கோலி போடு என்கிறார்கள். ஒவ்வொன்றும் எதைக் குறைக்கிறது, யாருக்காகக் குறைக்கிறது என்பதை மட்டும் யாரும் நின்று சொல்வதில்லை. உடல் எடை, ரத்தக் கொழுப்பு, ரத்தச் சர்க்கரை மூன்றுக்கும் சேர்த்து 'இலேசு' என்ற ஒரே சீட்டை ஒட்டிவிடுகிறார்கள். ஆகவே கணக்கை எடுத்து வைத்துக்கொண்டு பார்ப்போம். இங்கே தரும் எண்கள் அமெரிக்க வேளாண் துறையின் உணவுச்சத்துப் பட்டியலை ஒட்டியவை. வேறு விதமாகச் சொல்லாத இடங்களில் 100 கிராமுக்கு உரியவை.

முதலில் மூலத்தைப் பார்த்துவிட வேண்டும். மெக்சிகோவின் குவாகமோலேயில் இருப்பவை பழம், வெங்காயம், பச்சை மிளகாய், கொத்தமல்லி, உப்பு, எலுமிச்சை. தக்காளி சிலர் போடுவார்கள், சிலர் போடமாட்டார்கள். எரிமலைக் கல்லில் குடைந்த மூன்று கால் உரலில் வெங்காயம், மிளகாய், உப்பு மூன்றையும் முதலில் நசுக்கிக்கொண்டு, பிறகு பழத்தைச் சேர்த்து அரையும் குறையுமாக மசிப்பார்கள். எண்ணெய் ஒரு சொட்டுக்கூடக் கிடையாது. பாலேடு இல்லை, சீஸ் இல்லை, மயோனைஸ் இல்லை. நம் ஊர் உணவகங்களில் பல கிண்ணங்களில் மயோனைஸ் இருக்கிறது. பழம் விலை கூடியது, மயோனைஸ் கொழகொழப்பைத் தரும், அளவும் பெருகும் என்பதால் சேர்க்கிறார்கள். மயோனைஸில் 100 கிராமுக்கு ஏறத்தாழ 680 கலோரி. இரண்டு மேசைக்கரண்டி போட்டாலே இருநூறு கலோரிக்குப் பக்கத்தில் வந்துவிடும். பச்சை முட்டையில் செய்யும் மயோனைஸைக் கேரளம் 2023 ஜனவரியில் தடை செய்தது. தமிழ்நாடு 2025 ஏப்ரலில் ஓர் ஆண்டுத் தடை போட்டது. அது கிருமிகள் குறித்த அச்சத்தால் வந்த தடை, எடைக்கும் அதற்கும் தொடர்பில்லை. இருந்தாலும் குவாகமோலேயை இலேசாக்க நினைப்பவர் முதலில் எடுக்க வேண்டிய பொருள் இதுதான். இதை எடுத்துவிட்டால் பலருக்கு வேலை அங்கேயே பாதி முடிந்துவிடும்.

அடுத்தது பழம். எனக்கு இந்த விஷயத்திலேயே மிகவும் பிடித்த இடம் இது. இணையத்துச் செய்முறைகள் எல்லாம் ஹாஸ் என்ற வகையை மனத்தில் வைத்து எழுதியவை. கலிபோர்னியாவில் அஞ்சல்காரராக இருந்த ருடால்ஃப் ஹாஸ் தன் தோட்டத்தில் கண்டெடுத்து 1935-இல் காப்புரிமை பெற்ற மரத்தின் வழிவந்தது அது. சிறியது, தோல் சொரசொரப்பு, பழுத்தால் கருத்துவிடும், சதையில் எண்ணெய் அதிகம். பெங்களூர், கொச்சிப் பேரங்காடிகளில் தான்சானியா போன்ற நாடுகளிலிருந்து வந்து அட்டைப் பெட்டியில் உட்கார்ந்திருப்பது பெரும்பாலும் இதுதான். கலிபோர்னியப் பழத்துக்குப் பட்டியல் தரும் கணக்கு 167 கலோரி, 15.4 கிராம் கொழுப்பு.

நம் மலைகளில் காய்ப்பது வேறு சாதி. பெரிய பழம், வழவழப்பான தோல், பழுத்த பிறகும் பெரும்பாலும் பச்சையாகவே இருக்கும். சதையில் நீர் கூடுதல். மேற்கிந்தியத் தீவுகளின் வழிவந்த இனங்களில் எண்ணெய் குறைவு. மெக்சிகோ இனத்திலும் குவாத்தமாலா இனத்திலும் அதிகம். நம் தோட்டங்களில் உள்ளவை பெரும்பாலும் கொட்டையிலிருந்து முளைத்துக் கலந்து போனவை, மரத்துக்கு மரம் மாறும். அமெரிக்காவில் இவற்றுக்கு நெருங்கிய உறவு என்று புளோரிடாவின் பெரிய பச்சைப் பழத்தைச் சொல்லலாம். பட்டியலில் அதற்கு 120 கலோரி, 10 கிராம் கொழுப்பு. நம் பழம் ஒவ்வொன்றும் அப்படியே இருக்கும் என்று சத்தியம் செய்ய முடியாது. கத்தி வைத்தால் வெண்ணெய் போல வழுக்கும் மரமும் உண்டு, தண்ணீர் தெறிக்கும் மரமும் உண்டு. ஆனாலும் தராசு எந்தப் பக்கம் சாய்கிறது என்பதில் ஐயமில்லை.

ஒரு கிண்ணத்துக்கு 300 கிராம் சதை வேண்டும் என்று வைத்துக்கொள்வோம். ஹாஸ் பழத்தில் அது 501 கலோரி. நாட்டுப் பழத்தில், புளோரிடாக் கணக்கை வைத்தால், 360. சமையலறையில் எதையும் மாற்றாமல், கடையை மட்டும் மாற்றி, நூற்று நாற்பது கலோரி குறைந்துவிட்டது. அம்பலவயல் கடைக்காரரிடம் மலையாளத்தில் வெண்ணப்பழம் என்று கேட்டு வாங்குவதுதான் இந்தப் பட்டியலிலேயே மிக எளிய 'டயட்' முறை. விலையும் குறைவு. நாட்டுப் பழம் குவாகமோலேக்குச் சரிப்படாது, சப்பென்று இருக்கும் என்று நகரத்தில் சொல்வார்கள். அதில் கொஞ்சம் உண்மை இருக்கிறது. எண்ணெய் குறைந்த பழத்துக்கு உப்பும் புளிப்பும் காரமும் ஒரு பிடி கூடத்தான் வேண்டும். அந்த மூன்றுக்கும் இந்த மலையில் பஞ்சம் இல்லை.

இதற்கு மேலும் குறைக்க வேண்டும் என்றால்தான் பாதிப் பழத்தை எடுத்துவிட்டு வேறொன்றைச் சேர்க்கும் வழிகள். 150 கிராம் நாட்டுப் பழம், 150 கிராம் மாற்றுப் பொருள் என்ற அளவிலேயே எல்லாவற்றையும் நிறுத்திப் பார்க்கலாம்.

கொண்டைக்கடலையிலிருந்து தொடங்குகிறேன், ஏனென்றால் அதைத்தான் பலர் சத்தான மாற்று என்று முதலில் கைகாட்டுகிறார்கள். வேகவைத்த கொண்டைக்கடலையில் 164 கலோரி. ஹாஸ் பழத்தைவிட அதில் 3 கலோரிதான் குறைவு. நாட்டுப் பழத்தைவிட 44 கூடுதல்! பாதிக்குப் பாதி கலந்தால் கிண்ணம் 426 கலோரிக்குப் போகிறது. ஒன்றும் கலக்காத நாட்டுப் பழக் கிண்ணத்தைவிட இது அதிகம். கொழுப்பு குறைந்தது, புரதம் கூடியது என்பது உண்மைதான். ஆனால் எடை குறைக்க நினைத்தவர் மூக்கைத் தலையைச் சுற்றித் தொட்டது மட்டுமல்ல, வேறு யாருடைய மூக்கையோ தொட்டிருக்கிறார். சுவையும் அரபுநாட்டுக் கொண்டைக்கடலை விழுதான ஹம்மூஸுக்கும் குவாகமோலேக்கும் நடுவே எங்கேயோ நின்றுவிடுகிறது. வேகவைத்த பச்சைப்பயறு 105 கலோரி, கணக்கில் பரவாயில்லை. கஞ்சிக்குப் பயறு தொட்டுக்கொண்டு வளர்ந்தவர்கள் நாக்குக்கு ஒத்தும் போகும். நிறம்தான் மண்ணாகிவிடும்.

பட்டாணி கொஞ்சம் கௌரவமான போட்டியாளர். வேகவைத்ததில் 84 கலோரி, 5 கிராமுக்கு மேல் புரதம், அத்தோடு பளிச்சென்ற பச்சை. ஊட்டிப் பட்டாணி கிடைக்கும் பருவத்தில் வேறு எதையும் தேடத் தோன்றாது. பாதிக்குப் பாதி கலந்த கிண்ணம் 306 கலோரி. ஆனால் உலக அளவில் இதைப் போல வசை வாங்கிய கலவை வேறு இல்லை. 2015 ஜூலையில் நியூயார்க் டைம்ஸ் நாளிதழ் பட்டாணி போட்ட குவாகமோலேயைப் பரிந்துரைத்தபோது, அன்றைய அமெரிக்க அதிபர் ஒபாமாவே ட்விட்டரில் அதை ஏற்க மறுத்தார். வெங்காயம், பூண்டு, மிளகாய் என்பதோடு நிற்க வேண்டும் என்பது அவர் வாதம். அவருக்கு எதிர்க்கட்சியான குடியரசுக் கட்சியின் டெக்சாஸ் மாநிலப் பிரிவினரும் பட்டாணியை எதிர்த்தார்கள். அவரும் அவர்களும் ஒத்துப்போன அபூர்வமான விஷயம். ஒபாமா சொன்னார் என்பதற்காக நான் பட்டாணியை ஒதுக்கவில்லை. அதன் இனிப்பு உறுத்துகிறது. அதை அடக்க எலுமிச்சையும் மிளகாயும் கூட்டிக்கொண்டே போக வேண்டியிருக்கிறது. அத்தோடு சர்க்கரை உள்ளவர்களுக்கு இது பின்னோக்கிப் போகும் மாற்றம். பட்டர் புரூட்டில் மாவுச்சத்து எட்டரை கிராம், அதில் ஆறரைக்கு மேல் நார்ச்சத்து. சர்க்கரை ஒரு கிராம்கூட இல்லை. பட்டாணியில் மாவுச்சத்து பதினைந்தரை கிராமுக்கு மேல், சர்க்கரை மட்டும் ஏறத்தாழ 6 கிராம். அத்தைக்காக இலேசாக்குகிறேன் என்று பட்டாணி போடுவது அத்தைக்குச் செய்யும் நன்மை ஆகாது. பிள்ளைகளுக்குப் போடலாம், நிறத்தைப் பார்த்தே தின்றுவிடுவார்கள்.

தயிரைப் பற்றிச் சொல்லும்போது எந்தப் பாலின் தயிர் என்று கேட்காமல் பேச முடியாது. செய்முறைகள் சொல்வது கொழுப்பு நீக்கிய பாலின் கெட்டித் தயிரை. 59 கலோரி, பத்து கிராம் புரதம் உள்ள வகை அது. நம் வீட்டில் இருப்பது முழுப் பால் தயிர். அப்படியே போட்டால் குவாகமோலே குழம்பாகிவிடும் என்பதால் துணியில் கட்டித் தொங்கவிடுவோம். தண்ணீர் வடியும், கொழுப்பு வடியாது. 300 கிராம் தயிர் வடிந்து 150 கிராம் ஆனால் அந்த 300 கிராமின் பால் கொழுப்பு முழுவதும் அதற்குள் இருக்கும். அதில், ரத்தக் கொழுப்பைக் கூட்டும் வகையான செறிவுற்ற கொழுப்பு மட்டும் ஆறு கிராமைத் தொடும். அது இடம்பிடித்த 150 கிராம் நாட்டுப் பழத்தில் செறிவுற்ற கொழுப்பு மூன்று கிராம்தான் இருந்தது. பழத்தின் கொழுப்பில் பெரும்பங்கு ஒலியிக் அமிலம், ஆலிவ் எண்ணெயில் இருக்கும் அதே வகை. கொலஸ்டிரால் பழத்தில் துளியும் கிடையாது. கொழுப்புக்கு மாத்திரை சாப்பிடுபவருக்காக இந்த மாற்றம் என்றால், நல்லதை எடுத்துவிட்டு மற்றதை வைத்தோம் என்று ஆகும். எருமைத் தயிர் என்றால் கணக்கைப் பார்க்கவே வேண்டாம். கொழுப்பு நீக்கிய பாலை உறையூற்றி, புளிப்பதற்கு முன்பே கட்டித் தொங்கவிட்டால் தயிர் நல்ல மாற்றுத்தான். எலுமிச்சையைப் பாதியாகக் குறைத்துக்கொள்ள வேண்டும். ஆனால் அப்போது வருவது ஒருவகைப் பச்சடி. சப்பாத்திக்கு மிக நன்றாக இருக்கும், குவாகமோலே கேட்ட பிள்ளை முகம் சுளிக்கும்.

புரோக்கோலி 35 கலோரி. வாசனையை மறைக்கும் வழி எனக்குத் தெரிந்து இல்லை. தண்ணீர்விட்டான் இனத்து அஸ்பாரகஸ் குருத்தையும் அமெரிக்காவில் போடுகிறார்கள். இங்கே அதன் விலையில் நான்கு பட்டர் புரூட் வரும்.

மிச்சம் இருப்பது என் கட்சி: சௌசௌ, இந்த மலையில் மேரக்காய். வேலியில் படர்ந்து கேட்பாரற்றுக் காய்த்துத் தொங்கும் காய். கூட்டு வைத்து வைத்து அலுத்துப்போன காய். பச்சைக் காயில் 19 கலோரி, வேகவைத்தால் 24. பாதிக்குப் பாதி கலந்தால் கிண்ணம் 216 கலோரிக்கு இறங்குகிறது. மேலே சொன்ன எந்தக் கலவையும் இந்த அளவுக்கு இறங்கவில்லை. மாவுச்சத்து குறைவு, தனக்கென்று சுவை ஏதும் கிடையாது, சேர்ந்த பொருளின் சுவையைத் தன் சுவையாக எடுத்துக்கொள்ளும். இதில் விநோதக் கலப்படம் என்று சொல்லவும் இடமில்லை. மேரக்காயின் பூர்வீகம் மெக்சிகோவும் அதை ஒட்டிய நாடுகளும்தான். பட்டர் புரூட்டுக்கும் அதுவே ஊர். இன்னும் ஒன்று. மெக்சிகோவின் டாக்கோக் கடைகளிலேயே, பழம் விலை ஏறும் காலத்தில், சுகினி போன்ற இளங்காயைப் பச்சை மிளகாயோடு வேகவைத்து, எண்ணெய் விட்டு அரைத்து, குவாகமோலே போலவே ஊற்றித் தரும் பழக்கம் உண்டு. 2019-ஐ ஒட்டி அது வெளியே தெரிய வந்து பலர் ஏமாற்று வேலை என்று கொதித்தார்கள். அதில் பழமே இருக்காது. நான் சொல்வதில் பாதி பழம் இருக்கிறது.

பழத்தை அறவே எடுத்துவிடலாமே என்று கேட்பவர்களுக்கும் ஒரு பதில் இருக்கிறது. 2005-இல் ஒஹையோ மாநிலப் பல்கலைக்கழக ஆய்வாளர்கள் தக்காளிச் சல்சாவைத் தனியாகவும் பட்டர் புரூட் சேர்த்தும் கொடுத்துப் பார்த்தார்கள். பழம் சேர்ந்தபோது தக்காளியின் லைகோபீன் உடலில் சேர்வது 4.4 மடங்காகவும், பீட்டா கரோட்டின் 2.6 மடங்காகவும் உயர்ந்தது. இந்தச் சத்துகள் கொழுப்பில் கரைந்தால்தான் குடலில் உறிஞ்சப்படும். கொழுப்பே இல்லாத கிண்ணத்தில் கேரட்டை முக்கித் தின்றால் கேரட்டின் நன்மையும் பாதியில் நின்றுவிடும். எலிக்குப் பயந்து வீட்டைக் கொளுத்த வேண்டியதில்லை.

மேரக்காயில் குறை இல்லாமல் இல்லை. தோல் சீவும்போது ஒரு பிசின் வந்து கையில் காய்ந்து தோலை இழுக்கும். கையில் எண்ணெய் தடவிக்கொண்டு அல்லது தண்ணீருக்குள் வைத்துச் சீவ வேண்டும். தண்ணீரில் வேகவைத்தால் சதை நீர் குடித்து ஊறிவிடும். மெல்லிய வில்லைகளாக்கி இட்லிச் சட்டியில் ஆவியில் வேகவைத்து, விரலால் அழுத்தினால் குழையும் பதத்தில் எடுத்து, தட்டில் பரப்பி ஆவி போகவிட்டு, துணியில் வைத்துப் பிழிய வேண்டும். இந்தப் பிழிதலைச் சோம்பலில் விட்டுவிட்டால் கலவை ஒரு மணி நேரத்தில் தண்ணீர் கக்கும். 150 கிராம் விழுதுக்குக் காய் கால் கிலோவுக்கு மேல் எடுத்துக்கொள்வது நல்லது. இவ்வளவு பாடுபடப் பொறுமை இல்லாதவர்கள் வெள்ளரிக்காயையும் விதை நீக்கிய தக்காளியையும் பொடியாக நறுக்கிப் பழத்தில் கலந்து அளவைப் பெருக்கிக்கொள்ளலாம். கலோரி ஏறக்குறைய அதே அளவு குறையும். ஆனால் அது உடனே தின்றுவிட வேண்டிய சாலட்.

இனி இதுவரை யாரும் பேசாத பகுதி. குவாகமோலேயை எதில் அள்ளித் தின்கிறோம்?

அமெரிக்காவில் மக்காச்சோளச் சிப்ஸ். பத்தேரியிலும் பந்தலூரிலும் பெரும்பாலும் நேந்திரங்காய் சிப்ஸ். மேசையில் எப்போதும் இருப்பது அதுதான், உப்பும் மொறுமொறுப்பும் இதற்கு அற்புதமாகப் பொருந்தவும் செய்கிறது. வாழைக்காய் சிப்ஸில் 100 கிராமுக்கு 519 கலோரி. நாலு பேர் பகிர்ந்து தின்னும் கிண்ணம் என்று கொண்டால், நாட்டுப் பழம் மட்டும் போட்டதில் ஒருவர் பங்கு 90 கலோரி. மேரக்காய் கலந்ததில் 54. வித்தியாசம் 36. இவ்வளவு சீவி, அவித்து, பிழிந்து மிச்சம் பிடித்த 36 கலோரி ஏழு கிராம் சிப்ஸில் திரும்ப வந்துவிடும். ஏழு கிராம் என்பது சில வில்லைகள். பேச்சு சுவாரசியத்தில் முப்பது கிராம் உள்ளே போனால் 156 கலோரி. தேங்காய் எண்ணெயில் பொரித்தது என்றால் அந்த எண்ணெயில் நூற்றுக்கு எண்பது பங்குக்கு மேல் செறிவுற்ற கொழுப்பு. கொழுப்புக்கு மாத்திரை சாப்பிடும் அண்ணன் கவலைப்பட வேண்டிய பொருள் மேசையில் கிண்ணத்துக்குப் பக்கத்துத் தட்டில் இருக்கிறது. கிண்ணத்தைக் குறை சொல்லிப் பயனில்லை.

கேரட் 41 கலோரி, முள்ளங்கி 16, வெள்ளரி 15. ஊட்டிக் கேரட்டை விரல் நீளத்துக்கு வெட்டி அரை மணி குளிர்ந்த நீரில் போட்டு எடுத்தால் அள்ளுவதற்குத் தேவையான விறைப்பு வந்துவிடும். சுட்ட அப்பளமும் நன்றாக இருக்கிறது, ஆனால் அதிலேயே உப்பு இருப்பதால் கிண்ணத்தில் உப்பைக் குறைக்க வேண்டும். என் தனிப்பட்ட விருப்பம் வேகவைத்த கப்பை, அதாவது மரவள்ளிக் கிழங்கு. காந்தாரி மிளகாய்ச் சம்மந்தி (துவையல்) தொட்டுத் தின்னும் இடத்தில் குவாகமோலேயை வைத்துப் பாருங்கள். மெக்சிகோக்காரர் பார்த்தாலும் ஆட்சேபிக்க மாட்டார். இது இலேசு என்று பொய் சொல்லமாட்டேன். பச்சைக் கிழங்கில் 160 கலோரி, ஏறக்குறைய முழுவதும் மாவுச்சத்து. இரண்டு துண்டு தின்று இரவுச் சோற்றைக் குறைப்பவர்களுக்கு மட்டும். சர்க்கரை உள்ளவர்கள் கேரட் பக்கம் இருப்பது நல்லது.

ஆக, எடை குறைக்க வேண்டும் என்பவர்களுக்கு மேரக்காய் கலந்த நாட்டுப் பழம், தொட்டுக்கொள்ள வெள்ளரி. சர்க்கரை உள்ளவர்களுக்குப் பழத்தை மாற்றவே தேவையில்லை. சிப்ஸையும் கப்பையையும் தள்ளி வைத்தால் போதும். கொழுப்பு கூடியவர்களுக்கும் பழம் பகை அல்ல, மயோனைஸும் பொரித்ததும் முழுப் பால் தயிரும்தான். அண்ணியிடம் இதைச் சொன்னபோது, "அப்படியானால் ஒரே கிண்ணம், இரண்டு தட்டு" என்று முடித்துவிட்டார். சிறுநீரகக் கோளாறுக்குச் சிகிச்சை பெறுபவர்கள் மட்டும் மருத்துவரைக் கேட்காமல் தொட வேண்டாம், இந்தப் பழத்தில் பொட்டாசியம் 100 கிராமுக்கு ஐந்நூறு மில்லிகிராம் அளவுக்கு இருக்கிறது.

செய்முறை சுருக்கம்தான். பழம் மரத்தில் பழுக்காது, பறித்த பிறகே பழுக்கும். குலுக்கினால் கொட்டை ஆடும் காயாகப் பார்த்து வாங்கி, அரிசிப் பானையிலோ வாழைப்பழத்தோடு காகிதப் பையிலோ வைத்தால் சில நாளில் காம்பருகே அழுத்தினால் இறங்கும். அம்மியில் நாலைந்து சின்ன வெங்காயம், இரண்டு காந்தாரி, கல்லுப்பு, கொத்தமல்லித் தண்டு ஆகியவற்றை நைய நசுக்கவும். பிழிந்த மேரக்காயை அதிலேயே மசித்து, பழத்தைக் கடைசியாகச் சேர்த்து இரண்டு இழுப்பு. மிக்சி வேண்டாம், பசை ஆகிவிடும். எலுமிச்சையைத் தாராளமாகப் பிழியலாம். மெக்சிகோவில் இதற்குப் பிழிவதும் நம் சிறிய நாட்டு எலுமிச்சைதான், ஆசியாவில் பிறந்தது, ஸ்பானியர் கொண்டுபோய் நட்டது. மிளகாயும் தக்காளியும் அங்கிருந்து இங்கே வந்ததற்கு ஈடு. பழத்தின் துண்டுகள் தெரிய வேண்டும். மேரக்காய் தெரியக் கூடாது.

கொட்டையைக் கிண்ணத்தில் போட்டு வைத்தால் கருக்காது என்பார்கள். கொட்டைக்கு அடியில் இருக்கும் இடம் மட்டும்தான் கருக்காது, காற்றுப் படாததால். காற்றும் பழத்திலுள்ள நொதியும் சேர்ந்து செய்யும் வேலை அது. கரண்டியால் அழுத்திச் சமப்படுத்தி, மேலே விரற்கடை அளவு குளிர்ந்த நீரை மெல்ல ஊற்றிக் குளிர்பெட்டியில் வைத்து, தின்னும்போது நீரைச் சாய்த்துவிட்டால் அன்று இரவு வரை நிறம் நிற்கும். மறுநாளைக்கு மிஞ்சினால் சூடாக்கக் கூடாது, கசந்துவிடும். கடைந்த மோர் கொஞ்சம் விட்டுத் தளர்த்தி, கடுகு தாளித்து ஆறவைத்துக் கொட்டிச் சோற்றுக்கு வைத்துக்கொள்ளலாம்.